ஹோம் தியேட்டர் வாங்கப் போகிறீர்களா? பாட்டியையும் கூட்டிப் போங்கள்!

கிரைண்டர் வாங்குவதென்றால் நம்மைக் கேட்பார்கள். ஜன்னல் திரைக்கு நிறம் பார்ப்பதென்றாலும் நம்மைத்தான் கேட்பார்கள். ஆனால் டி.வி., ஸ்பீக்கர் என்று வந்துவிட்டால், அது ஏதோ ஆண்கள் இலாகா என்று நாமே ஒதுங்கிவிடுகிறோம். "உங்களுக்கும் பிள்ளைக்கும் எது பிடிக்குதோ அதை வாங்குங்க" என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போய்விடுகிறோம். அப்புறம்? ஹாலின் குறுக்கே ஓடும் ஒயரில் தடுக்குவது நாம். தூசி தட்டுவது நாம். "ராத்திரி உங்க வீட்டுச் சத்தத்துல குழந்தை முழிச்சிக்கிட்டுது" என்று பக்கத்து வீட்டுக்காரம்மா வந்து நின்றால் பதில் சொல்வதும் நாம்தான்!

ஆகவே சகோதரிகளே, இந்த விஷயத்தில் நாமும் வாயைத் திறக்கத்தான் வேண்டும். இதில் பெரிய இஞ்சினீயரிங் ஒன்றும் இல்லை. ஒரு இஞ்ச் டேப், இரண்டு காது, கொஞ்சம் நிதானம். இவை இருந்தால் போதும்.

எங்கள் வீட்டு நிலவரம்

சென்னையில் எங்களுடையது இரண்டு படுக்கையறை ஃப்ளாட். ஹால் 10 அடிக்கு 14 அடி. ஸ்பீக்கர் வாங்கலாமா என்ற பேச்சைக் கிளப்பியது காலேஜில் படிக்கும் என் மகன். ஆனால் வாங்கித்தான் ஆகவேண்டும் என்று என்னை முடிவு செய்ய வைத்தவர் என் மாமியார்.

அத்தைக்கு 74 வயது. சினிமா என்றால் உயிர். சில மாதங்களாகப் படம் ஆரம்பித்த அரை மணிக்குள், "நீங்க பாருங்கம்மா, எனக்குத் தூக்கம் வருது" என்று எழுந்து போய்விடுவார். உள்ளே போய்ப் பார்த்தால் கொட்டக் கொட்ட விழித்தபடி படுத்திருப்பார். ஒருநாள் மெதுவாகக் கேட்டேன்.

"சத்தம் கேக்குதும்மா. என்ன பேசறாங்கன்னுதான் புரியலை. நீங்கள்லாம் சிரிக்கிறப்ப நானும் சும்மா சிரிச்சு வைக்கிறேன். எத்தனை தரம்தான் 'என்ன சொன்னான், என்ன சொன்னான்'னு கேக்கறது? உங்களுக்கும் படம் கெட்டுப்போகும்."

எனக்குச் சுரீரென்றது. காது, மூக்கு, தொண்டை டாக்டரிடம் அழைத்துப் போனேன். ஹெட்போன் மாட்டி, தாழ்ந்த சுருதி, உயர்ந்த சுருதி என்று வரிசையாக ஒலி கொடுத்துச் சோதித்தார்கள். தாழ்ந்த ஒலிகள் ஏறக்குறைய சரியாகக் கேட்கின்றன. உயர்ந்த ஒலிகள்தான் குறைந்துவிட்டன என்று தெரிந்தது. வயதாகும்போது காதில் முதலில் மங்குவது இந்த உயர்ந்த ஒலிகள்தானாம்.

இதற்கும் சினிமா வசனத்துக்கும் என்ன சம்பந்தம் என்கிறீர்களா? சொல்கிறேன். அ, ஆ, ஓ போன்ற உயிர் ஒலிகள் பெரும்பாலும் தாழ்ந்த சுருதியில், பலமாக வருபவை. ச, த, ப, க போன்ற மெய் ஒலிகள் மெலிந்தவை. அவற்றை அடையாளம் காட்டுவதே உயர்ந்த சுருதிப் பகுதிதான். பெயர் வல்லினம், ஆனால் வயதான காதுக்கு முதலில் நழுவுவது அதுதான்! 'பத்து' என்றாரா, 'கத்து' என்றாரா, 'சத்து' என்றாரா? சத்தம் கேட்கும், சொல் புரியாது. பெண்கள், குழந்தைகள் குரல் இன்னும் சிரமம்.

இது நம் வீட்டில் மட்டும் நடப்பதில்லை. 60 வயதைத் தாண்டியவர்களில் 25 சதவீதத்துக்கும் மேற்பட்டவர்களுக்கு அன்றாட வாழ்க்கையைப் பாதிக்கும் அளவுக்குக் காது மந்தமாகிறது என்று உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. காது மெஷின் தேவையென்று டாக்டர் சொன்னால் அதை வாங்கித்தான் ஆகவேண்டும்; எந்த ஸ்பீக்கரும் அதற்கு மாற்று ஆகாது. ஆனால் நல்ல காதுக்கே வசனம் தெளிவாகக் கேட்காத டி.வி.யை வைத்துக்கொண்டு பெரியவர்களின் காதை மட்டும் குறை சொல்வதும் நியாயமில்லை அல்லவா?

டி.வி.க்கு என்ன குறை?

டி.வி. மெலிய மெலிய, அதற்குள் இருக்கும் ஸ்பீக்கரும் மெலிந்துவிட்டது. பல டி.வி.க்களில் ஸ்பீக்கர் நம்மைப் பார்த்து இருப்பதே இல்லை. கீழ்நோக்கியோ பின்நோக்கியோ இருக்கிறது. குரல் ஷெல்ஃபிலும் சுவரிலும் மோதிவிட்டு நம்மிடம் வருகிறது. வால்யூமைக் கூட்டினால் வசனத்தோடு பின்னணி இசையும் சேர்ந்து கூடுகிறது. பிரச்சினை அப்படியே இருக்கிறது.

சத்தம் எந்தத் திசையிலிருந்து வரவேண்டும் என்ற கவலை ரொம்பப் பழசு. ஸ்டீரியோ ஒலிக்கு 1931-ல் இங்கிலாந்தில் பேட்டன்ட் கேட்டு மனுப்போட்ட ஆலன் ப்ளூம்லைன் என்ற இஞ்சினீயரைப் பற்றி ஒரு கதை சொல்வார்கள். மனைவியோடு சினிமாவுக்குப் போயிருந்தாராம். நடிகர் திரையில் ஒரு பக்கம் இருக்க, குரல் வேறெங்கிருந்தோ வருவதைக் கவனித்தவர், இதைச் சரிசெய்ய எனக்கு வழி தெரியும் என்றாராம். தமிழில் 'குருதிப்புனல்' 1995-ல் டால்பி ஸ்டீரியோ ஒலியோடு வந்தது. 2012-ல் 'சிவாஜி' படத்தின் 3டி பதிப்பு, தலைக்கு மேலிருந்தும் ஒலி வரும் அட்மாஸ் முறையில் வந்தது. தியேட்டரில் கேட்ட அந்தச் சுகத்தை ஹாலுக்குள் கொண்டுவரும் முயற்சிதான் சரவுண்ட் ஸ்பீக்கர்.

5.1 என்றால்...?

கடையில் 2.1, 3.1, 5.1, 5.1.2 என்று ஏதோ வீட்டு நம்பர் போலச் சொல்வார்கள். பயப்படாதீர்கள். முதல் எண், நம்மைச் சுற்றி வைக்கும் ஸ்பீக்கர்கள் எத்தனை என்பது. அடுத்த 1, 'சப்-ஊஃபர்' என்ற பெட்டி. மூன்றாவதாக ஒரு எண் இருந்தால், அத்தனை ஸ்பீக்கர்கள் மேலிருந்து ஒலி தருபவை.

5.1 செட்டில் இடது, வலது ஸ்பீக்கர்கள் பாட்டையும் இசையையும் பார்த்துக்கொள்ளும். பின்பக்கம் வரும் இரண்டும் மழை, கூட்டம், பறவைச் சத்தம் போன்றவற்றைத் தரும். சப்-ஊஃபர் இடி, வெடி, மிருதங்கத்தின் தொப்பி, இவற்றுக்கு. நடுவில், டி.வி.க்குக் கீழே வைக்கிறோமே, அதுதான் சென்டர் ஸ்பீக்கர். படத்தின் வசனம் பெரும்பாலும் வருவது இதன் வழியாகத்தான். பெரியவர்கள் இருக்கும் வீட்டில் இதுதான் மூத்த மருமகள் மாதிரி. மற்றவை எல்லாம் அப்புறம்தான். பட்ஜெட் இடித்தால் பின்பக்க ஸ்பீக்கரை விட்டுவிடலாம், சென்டரை விடக்கூடாது. 2.1-ஐவிட 3.1 மேல் என்பது இதனால்தான்.

எந்த வகை யாருக்கு?

சின்ன ஹாலுக்கு மூன்று வழி உண்டு.

ஒன்று, டி.வி.யின் கீழே நீளக் கட்டையாக வைக்கும் சவுண்ட் பார், ஒரு சப்-ஊஃபரோடு. ஒயர் குறைவு, துடைக்கச் சுலபம். வாடகை வீட்டுக்கு ஏற்றது. 'இதுவே சரவுண்ட் எஃபெக்ட் தரும்' என்று சொல்லி விற்கும் சில வகைகள், ஒலியைப் பக்கச் சுவரில் மோதவிட்டு நம்மிடம் அனுப்புகின்றன. உங்கள் ஹாலின் ஒரு பக்கம் சுவரே இல்லாமல் சமையலறையோ பால்கனியோ திறந்திருந்தால் அந்த எஃபெக்ட் பாதி கோவிந்தா!

இரண்டு, சவுண்ட் பாரோடு தனியாக இரண்டு சின்னப் பின்பக்க ஸ்பீக்கர்கள், சப்-ஊஃபர். ஃப்ளாட்டுக்கு நல்ல சமரசம்.

மூன்று, ரிசீவர் என்ற பெட்டியும் கையடக்கமான ஐந்து ஸ்பீக்கர்களும் ஒரு சப்-ஊஃபரும். ஒலி நயம் சிறப்பாக அமையும். ஒன்று பழுதானால் அதை மட்டும் மாற்றலாம். ஆனால் ஒயர் அதிகம். ரிசீவருக்குக் காற்றோட்டமான இடமும் வேண்டும்.

"ஒயர்லெஸ் மேடம், ஒயரே கிடையாது" என்று கடையில் சொன்னால் ஒரு கேள்வி கேளுங்கள்: "கரண்ட் எங்கேர்ந்து வரும்?" ஒலி காற்றில் வரலாம், மின்சாரம் வராது. பின்பக்க ஸ்பீக்கர்களுக்கு அநேகமாகப் பிளக் பாயின்ட் வேண்டும். நான் கடைக்குக் கிளம்புமுன் ஹாலின் ஒவ்வொரு பாயின்டும் எங்கே, சோஃபாவிலிருந்து எத்தனை அடி என்று சீட்டில் குறித்துக்கொண்டேன். மகன் சிரித்தான். சிரிக்கட்டும்!

5.1.2 போன்ற மேல்-ஒலி செட்டுகளில் பல, ஒலியைச் சீலிங்கில் பட்டுத் திரும்பச் செய்பவை. சமமான, ரொம்ப உயரமில்லாத சீலிங்காக இருந்தால்தான் பலன். வசனம் புரிவதற்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

வாட்ஸ் மயக்கம்

அட்டைப் பெட்டியில் ஆயிரக்கணக்கில் வாட்ஸ் போட்டிருந்தால் மயங்காதீர்கள். பி.எம்.பி.ஓ. என்று போட்டிருந்தால் அது ஒரு நொடிக்குள் எகிறும் உச்சம் என்று சொல்லி, விற்பவர்கள் இஷ்டத்துக்குப் போடும் கணக்கு. ஆர்.எம்.எஸ். என்ற கணக்குதான் தொடர்ந்து தரக்கூடிய உண்மையான சக்தி. அதைக் கேட்டு வாங்குங்கள்.

இன்னொன்று: 50 வாட்ஸை 100 வாட்ஸ் ஆக்கினால் சத்தம் இரட்டிப்பாகாது. 3 டெசிபல்தான் கூடும். காதுக்கு அது கொஞ்சம் வித்தியாசம், அவ்வளவே. இரண்டு மடங்கு சத்தமாகத் தோன்றவே சுமார் பத்து மடங்கு சக்தி வேண்டும். 10-க்கு 14 ஹாலில் எட்டடி தூரத்தில் உட்கார்ந்து கேட்க நமக்கு எதற்கு ஆயிரம் வாட்ஸ்?

கடையில் செய்ய வேண்டிய சோதனை

எங்கள் மூவரோடு அத்தையையும் கூட்டிப் போனேன். "நான் எதுக்கும்மா? எனக்கு என்ன தெரியும்?" என்றார். "உங்களுக்காகத்தான் அத்தை போறதே" என்றேன்.

கடைக்காரர் பையன் வழக்கம்போல ஒரு கார் துரத்தல் காட்சியைப் போட்டான். தரை அதிர்ந்தது. என் மகன் முகத்தில் ஆயிரம் வாட்ஸ் வெளிச்சம்! "பாட்டி, எப்படி இருக்கு?" "நெஞ்சு படபடங்குதுடா" என்றார் அத்தை.

நான் சொன்னேன்: "தம்பி, சண்டை வேண்டாம். அம்மாவும் பிள்ளையும் பேசிக்கிற மாதிரி ஒரு சீன் போடுங்க. பின்னாடி மியூசிக் இருக்கணும். வால்யூமை நாங்க வீட்டில வைக்கிற அளவுக்குக் குறைங்க." அத்தையைத் திரைக்கு முதுகு காட்டி உட்கார வைத்தேன். உதட்டசைவைப் பார்த்துப் புரிந்துகொள்ளக் கூடாது அல்லவா? ஒவ்வொரு வசனம் முடிந்ததும் அதைத் திருப்பிச் சொல்லச் சொன்னேன்.

முதலில் கேட்ட பெரிய செட்டில் பாதி வசனம் தவறியது. சப்-ஊஃபரைக் குறைக்கச் சொன்னதும் கொஞ்சம் தேறியது. அதைவிடச் சின்னதான, சென்டர் ஸ்பீக்கர் தனியாக உள்ள இன்னொரு செட்டில் அத்தை வரிக்கு வரி சொன்னார்! புளி தூக்கலாகப் போட்ட குழம்பில் பெருங்காய வாசனை தெரியுமா? அதுபோலத்தான் அதிகமான 'தும் தும்' ஒலி மெலிந்த மெய்யொலிகளை அமுக்கிவிடுகிறது. மகன் கொஞ்சம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டான். பிறகு அவனே, "சரிம்மா, பாட்டிக்குப் புரியறதையே வாங்கலாம்" என்றான். வாங்கிவிட்டோம்: சவுண்ட் பார், சப்-ஊஃபர், பின்பக்கம் இரண்டு சின்ன ஸ்பீக்கர்.

வாங்குமுன் இன்னும் ஒன்று பாருங்கள். உங்கள் டி.வி.யின் பின்புறம் எச்.டி.எம்.ஐ. துளைகளில் ஒன்றின் அருகே ஏ.ஆர்.சி. அல்லது இ-ஏ.ஆர்.சி. என்று எழுதியிருக்கிறதா? ஸ்பீக்கர் செட்டின் ஒயர் அதில்தான் போகவேண்டும். டி.வி. ரிமோட்டிலேயே வால்யூமைக் கூட்டிக் குறைக்கலாம். பெரியவர்கள் இரண்டு ரிமோட்டோடு மல்லாட வேண்டாம். பழைய டி.வி.யாக இருந்தால் ஆப்டிகல் ஒயர் போதும், 5.1 வரைக்கும் தாங்கும்.

எங்கே வைப்பது?

நீங்கள் உட்காரும் இடத்தைச் சுற்றித் தரையில் ஒரு பெரிய கடிகாரம் வரைந்திருப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். டி.வி. 12 மணி. சென்டர் ஸ்பீக்கரும் அங்கேயேதான். தனித்தனி ஸ்பீக்கராக இருந்தால் இடது 11 மணியில், வலது 1 மணியில். பின்பக்க ஸ்பீக்கர்கள் 4 மணிக்குச் சற்று முன்னும், 8 மணிக்குச் சற்றுப் பின்னும், காது மட்டத்துக்குக் கொஞ்சம் மேலே. நம் வீடுகளில் சோஃபா பெரும்பாலும் சுவரை ஒட்டியே இருக்கும். அப்படியானால் அவற்றை நேர்ப் பக்கவாட்டில், 3 மணி, 9 மணியில் வைத்தாலும் தவறில்லை.

சென்டர் ஸ்பீக்கரை ஷோ-கேஸுக்குள் பொம்மைகளோடு ஒளித்து வைக்காதீர்கள். குரல் கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல் இருக்கும். ஷெல்ஃபின் முன் விளிம்பில், நம் முகத்தைப் பார்க்கும்படி வையுங்கள். அதன் முன்னால் துணியோ பூச்சாடியோ வேண்டாம்.

சப்-ஊஃபரை மூலையில் தள்ளினால் சத்தம் கூடும், ஆனால் குடத்துக்குள் பேசுவதுபோல் ஆகிவிடும். தகுந்த இடம் கண்டுபிடிக்க ஒரு வேடிக்கையான வழி இருக்கிறது. சப்-ஊஃபரை நாம் உட்காரும் சோஃபாவின் மேல் வைத்து, கனமான தாள ஒலியுள்ள பாட்டைப் போட்டுவிட்டு, தரையில் தவழ்ந்து பாருங்கள். எந்த இடத்தில் அந்த ஒலி இரைச்சல் இல்லாமல் சீராகக் கேட்கிறதோ, அங்கே சப்-ஊஃபரை இறக்கி வையுங்கள். என் கணவர், "இந்த வயசுல என்னைத் தவழ விட்டுட்டியே" என்று சொல்லிக்கொண்டே தவழ்ந்தார்!

டைல்ஸ் தரை, வெறும் சுவர் உள்ள ஹாலில் கை தட்டிப் பாருங்கள். 'ணங்' என்று எதிரொலித்தால் வசனமும் அப்படித்தான் குழம்பும். நம்மிடம் மருந்து இருக்கிறது: கனமான திரைச்சீலை, டி.வி.க்கும் சோஃபாவுக்கும் நடுவே ஒரு பவானி ஜமக்காளம், புத்தக அலமாரி, நாலு குஷன். ஆயிரக்கணக்கில் செலவழித்து வாங்கிய ஸ்பீக்கரை இந்த ஜமக்காளம்தான் நன்றாகப் பேச வைக்கும்.

ரிமோட்டில் என்னென்ன?

டி.வி.யின் ஆடியோ அவுட்புட் பகுதியில் 'ஆட்டோ' அல்லது 'பாஸ்-த்ரூ' என்று வையுங்கள். 'பி.சி.எம்.' என்று இருந்தால் பல டி.வி.க்களில் வெறும் ஸ்டீரியோதான் வெளியே வரும். பின்பக்க ஸ்பீக்கர் தூங்கும். சென்டர் ஸ்பீக்கரின் அளவைத் தனியாகக் கூட்ட வசதி இருந்தால் இரண்டு மூன்று படி கூட்டுங்கள். 'டயலாக்' அல்லது 'வாய்ஸ்' என்ற பொத்தான் இருந்தால் அதையும் போட்டுப் பாருங்கள். 'நைட் மோட்' பெரிய சத்தத்தை அடக்கிச் சின்னச் சத்தத்தைத் தூக்கும். குழந்தை தூங்கும் வீட்டுக்கு வரப்பிரசாதம்.

காதும் அக்கம்பக்கமும்

உலக சுகாதார நிறுவனத்தின் கணக்குப்படி 80 டெசிபல் சத்தத்தை வாரத்துக்கு 40 மணி நேரம் வரைதான் கேட்கலாம். அதற்குமேல் ஒவ்வொரு 3 டெசிபல் கூடும்போதும் அந்த நேரம் பாதியாகக் குறையும். பக்கத்தில் இருப்பவரிடம் கத்திப் பேச வேண்டியிருந்தால், சத்தம் அதிகம் என்று அர்த்தம். கைக்குழந்தையின் தொட்டிலுக்குப் பக்கத்தில் எந்த ஸ்பீக்கரும் வேண்டாம்.

2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகள், குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் 55, இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை 45 டெசிபல் என்று வரம்பு வைத்திருக்கின்றன. சுவரைத் தாண்டிப் போவது பெரும்பாலும் சப்-ஊஃபரின் ஒலிதான். அதன் அடியில் தடித்த ரப்பர் பாய் போடுங்கள்; பத்து மணிக்கு மேல் அதை அணைத்தே விடுங்கள். வசனம் கேட்க அது வேண்டியதில்லை. ஒயர்களைச் சுவரோரமாகக் கிளிப் போட்டு ஒட்டிவிடுங்கள். பெரியவர்கள் கால் தடுக்கி இடுப்பெலும்பு முறிந்தால் எந்தச் சினிமாவும் ஈடாகாது.

இப்போது எங்கள் வீட்டில் டி.வி.யின் சத்தம் முன்பைவிடக் குறைவு. ஆனால் அத்தை கடைசி வரை உட்கார்ந்து படம் பார்க்கிறார். போன வாரம் ஒரு நகைச்சுவைக் காட்சியில் எங்களுக்கு முந்தி அவர் சிரித்தார். "என்ன பாட்டி சொன்னான்?" என்று கேட்டது என் மகன்!

கடைக்குக் கிளம்புமுன் சீட்டில் எழுதிக்கொள்ளுங்கள்:

* ஹாலின் நீள அகலம், பிளக் பாயின்ட் இருக்கும் இடங்கள்.
* டி.வி.யில் ஏ.ஆர்.சி. துளை உண்டா, ஆப்டிகல் மட்டுமா?
* சென்டர் ஸ்பீக்கர் உண்டா? அதைத் தனியாகக் கூட்ட முடியுமா?
* வாட்ஸ் ஆர்.எம்.எஸ். கணக்கில் எவ்வளவு?
* சப்-ஊஃபரை ரிமோட்டிலேயே குறைக்க முடியுமா?
* நைட் மோட் உண்டா?
* ரிப்பேர் பார்க்க உங்கள் ஊரிலேயே ஆள் உண்டா?

உங்கள் வீட்டுப் பெரியவர்கள் யாராவது டி.வி. முன்னாலிருந்து அடிக்கடி எழுந்து போகிறார்களா? ஸ்பீக்கர் வாங்குகிறீர்களோ இல்லையோ, முதலில் ஒரு காதுப் பரிசோதனைக்கு அழைத்துப் போய்விடுங்கள்.